கூப்பிடாத வீடுகள்

மேட்ச் முடிய இன்னும் சில ஓவர்களே இருக்கும்போது கேபிள் அண்ணாச்சி வயரை உருவினார்.

கரண்ட் போகவில்லை. டிஷ்ஷில் குரங்கும் ஏறவில்லை. நான் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தேன். காதுத் தோட்டைக் கழற்றுகிற மாதிரி இரண்டு விரலால் பதனமாக உருவி, அதைக் கையிலேயே வைத்துக்கொண்டார். எதிரே பலகையில் வரிசையாக வைத்திருந்த சின்ன டிவிகளில் ஒன்று மட்டும் புள்ளி புள்ளியாக இரைந்தது.

"இப்பக் கேளு ஏட்டி," என்றார்.

முதலில் பின் தெரு மொட்டை மாடியிலிருந்து "அய்யய்யோ" என்று ஒரு குரல். உடனே போன் அடித்தது. அண்ணாச்சி எடுக்கவில்லை. தலையை ஒரு பக்கமாகச் சாய்த்து, கச்சேரி கேட்கிறவர் மாதிரி கேட்டுக்கொண்டிருந்தார். "போன்ல மருந்துக்கடைக்காரரு. கத்துதவன் டெய்லரு மகன். இந்தா, வடக்க ஒரு கதவு படார்னு திறந்துச்சுல்லா? அது வாத்தியார் வீடு. வாத்தியாரு மேட்ச் பாப்பாருன்னு எனக்கு இன்னிக்குத்தான் தெரியும்." யாரோ எங்கள் மாடிப்படியில் திடுதிடுவென்று ஏறி வருகிற சத்தம் கேட்டது. அந்த ஆள் மேலே வந்து சேர்வதற்குள் வயரைச் செருகிவிட்டு, போனை எடுத்து, "லைன்ல ஒரு கோளாறு. சரியாப் போச்சு பாருங்க," என்றார்.

"என்ன அண்ணாச்சி இது? அநியாயமா இருக்கே!" என்றேன்.

"என்ன அநியாயம்? வயரு இங்கேருந்து அங்க போகுது. அங்கேருந்து இங்க ஒண்ணும் வராது. எவன் என்ன பாக்கான்னு நமக்கு எப்படித் தெரியும்? எடுத்துப் பாத்தாத்தான் தெரியும்."

அப்போது நான் கல்லூரியில் புள்ளியியல் இரண்டாம் வருஷம். மேட்ச் என்ன ஆனது என்று எனக்கு இன்றுவரை தெரியாது. மண்டைக்குள் வேறொன்று ஓட ஆரம்பித்துவிட்டது. கடைக்காரனுக்கு எது விற்றது, எது மிஞ்சியது என்று தெரியும். மாதச் சந்தா வாங்குகிறவனுக்கு அது தெரியாது. பார்த்தாலும் பார்க்காவிட்டாலும் ஒரே காசுதான் வருகிறது. அந்தக் காசு எதையும் சொல்வதில்லை. அப்படியானால் அவன் தன் வாடிக்கையாளரை எப்படித் தெரிந்துகொள்வான்? பத்திரிகைக்காரன், பால்காரன், கேபிள்காரன், எல்லோருக்கும் இதே பாடுதானே? நான் இருப்புக்கொள்ளாமல் எழுந்து அந்தச் சின்ன அறையில் குறுக்கும் நெடுக்கும் நடந்தேன். "வயரை மிதிச்சிராத," என்றார் அண்ணாச்சி.

அந்த ஒரு கேள்வியைப் பிடித்துக்கொண்டுதான் பின்னால் நான் புனே வரை வந்தேன். ஆனால் இது என் கதை இல்லை.

ஸ்ரீவில்லிபுத்தூரில் எங்கள் மாடி அறையை அவருக்கு வாடகைக்கு விட்டிருந்தோம். தேர் ஓடும் தெருவை ஒட்டிய குறுக்குச் சந்தில் எங்கள் வீடு. அப்பாவுக்கு மில்லில் ஷிப்ட். அம்மாவுக்கு ஆரம்பத்தில், மொட்டை மாடியில் அம்புட்டுப் பெரிய சட்டி கவிழ்ந்து கிடப்பது பிடிக்கவில்லை. பிறகு எங்களுக்கு மட்டும் சந்தா கிடையாது என்றானதும் பிடித்துவிட்டது. அறையிலேயே அவர் சமைத்து, அறையிலேயே தூங்கினார். நாற்பது வயதிருக்கும். தோளில் கறுப்பு வயர்ச் சுருள், இடுப்பில் கட்டிங் பிளேயர், எந்நேரமும் பாதி மடித்த முழுக்கைச் சட்டை. பேசும்போது முகத்தைப் பார்க்க மாட்டார், டிவிகளைப் பார்த்துக்கொண்டே பேசுவார். ஒரே நேரத்தில் எல்லாப் பெட்டிகளும் ஓடும், எல்லாவற்றிலும் சத்தம் குறைத்திருக்கும். வாய் மட்டும் அசைகிற அத்தனை மனிதர்களுக்கு நடுவில் அவர் உட்கார்ந்து தயிர்சாதம் சாப்பிடுவதைப் பார்த்தால் எனக்கு என்னமோ போல இருக்கும்.

இந்த எடுத்துப் பார்க்கிற பழக்கம் அவருக்குத் தொழிலோடு நிற்கவில்லை. அதை நான் கண்டுபிடிக்கக் கொஞ்ச நாள் ஆனது.

முக்குக் கடையில் தினம் இரண்டு வேளை டீ குடிப்பவர் திடீரென்று போவதை நிறுத்தினார். என் அம்மாதான் கவலைப்பட்டு, "என்ன அண்ணாச்சி, வயிறு சரியில்லையா?" என்று கேட்டாள். "இல்ல மதினி, சும்மாத்தான்," என்றார். ஒரு வாரம் கழித்துக் கடைக்குப் போனபோது டீ மாஸ்டர், "எங்க அண்ணாச்சி ஆளையே காணும், ஊருக்குப் போயிருந்தியளா?" என்று கேட்டிருக்கிறார். அன்றைக்கு அவர் மாடிப்படி ஏறி வந்த வேகம் இருக்கிறதே! நான் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தேன். "கேட்டுட்டான் ஏட்டி! காணும்னு கேட்டுட்டான்!" அன்று ராத்திரி எங்கள் தெருவுக்கே இனாமாகப் புதுப் படம் போட்டார்.

ஒரு கல்யாணத்துக்குப் பத்திரிகை வந்தால் போக மாட்டார். ஏன் வரவில்லை என்று யாராவது கேட்கிறார்களா என்று காத்திருப்பார். அப்படிக் கேட்டவர்கள் கொஞ்சம். கேட்காதவர்கள் பெயரை அவர் சொன்னதே இல்லை. ஆனால் அந்த வீட்டில் படம் கலங்கினால் மட்டும் சரிசெய்யச் செத்த நேரம் கூடுதலாக ஆகும்.

ஒருமுறை மிக்ஸி, கிரைண்டர் தவணைக்கு விற்கிற கம்பெனி ஆள் ஒருவன் ராஜபாளையத்திலிருந்து வந்தான். சமையல் நிகழ்ச்சியை நிறுத்தினால் எந்தெந்த வீட்டுப் பெண்கள் சத்தம் போடுகிறார்கள் என்று அண்ணாச்சிக்குத் தெரியும் என்பதை எப்படியோ கேள்விப்பட்டிருக்கிறான். அண்ணாச்சி ஒளிக்காமல் சொல்லிவிட்டார். மறுவாரம் அந்த வீடுகளில் மட்டும் போய்க் கதவைத் தட்டியிருக்கிறான். அம்மாவுக்கு வந்ததே கோபம். மாடி ஏறி வந்து, "எங்க வீட்டுல நான் என்ன பாக்கேன்னு ஊர்ல போறவனுக்கு எதுக்குச் சொல்லணும்? சொல்லுங்க, எதுக்கு?" என்று நின்றாள்.

அவருக்கு நிஜமாகவே புரியவில்லை. "கதவத் தட்டத்தான செஞ்சான் மதினி? ஒருத்தன் நம்மளத் தேடி வந்து தட்டுதான்னா நல்லதுதான?"

அம்மா விறுவிறுவென்று படி இறங்கிவிட்டாள். கீழே வந்து என்னிடம், "அந்த மனுசன் வீட்டுக் கதவ யாருமே தட்டல போலிருக்கு," என்றாள். அதோடு அந்தப் பேச்சை விட்டுவிட்டாள். எனக்குக் கோபம் தீரவில்லை. தெரிந்துகொண்டதை நம் தொழிலுக்கு வைத்துக்கொள்வது வேறு, அடுத்தவனுக்குத் தூக்கிக் கொடுப்பது வேறு என்று அவரிடம் பெரிய பிரசங்கமே செய்தேன். அதன் பிறகு அவர் யாருக்கும் சொல்லவில்லை. ஆனால் அது என் பிரசங்கத்தால் இல்லை, அம்மா ஒரு வாரம் குழம்பு கொடுத்தனுப்பாததால்.

ஆடிப்பூரத்துத் தேருக்கு முதல் நாள், தேர் ஓடும் தெருக்களில் குறுக்கே போகிற அத்தனை வயரையும் அவர் அவிழ்த்தாக வேண்டும். அம்புட்டு உயரத் தேர். வருஷத்தில் அந்த ஒரு நாள் ஊரே இருட்டு, அதாவது டிவியில் இருட்டு. முதல் வருஷம் நான் தேர் பார்த்துவிட்டுத் தண்ணீர் குடிக்க வீட்டுக்கு வந்தவள், மேலே எட்டிப் பார்த்தேன். போனைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். எல்லாப் பெட்டியிலும் புள்ளிகள்.

"தேருக்கு வரலியா அண்ணாச்சி?"

"ஒரு போன்கூட வரல," என்றார்.

"ஊரே தெருவுலல்லா நிக்குது. எவன் போன் பண்ணுவான்?"

"அதான் சொல்லுதேன். எல்லாத்தையும் உருவியாச்சு. ஒருத்தனுக்கும் ஒண்ணும் கொறையல." சிரித்துக்கொண்டுதான் சொன்னார். தெருவிலிருந்து கோவிந்தா சத்தம் கேட்டது. நான் கையைப் பிடித்து இழுக்காத குறையாகக் கூப்பிட்டுப் பார்த்தேன். "நீ போ. யாராவது கூப்பிட்டா?" என்று இருந்துவிட்டார்.

என் கல்லூரி ராஜபாளையத்தில். தினமும் பஸ். சாயங்காலம் நான் வந்ததும் மாடியிலிருந்து ஒரு கேள்வி வரும். "ஏட்டி, பஸ்ஸு அந்தத் தறிக்கூடத்து வழியாத்தான வருது? தறி ஓடுதா?"

"ஓடுது அண்ணாச்சி."

"ஓடும்."

அவ்வளவுதான் பேச்சு. மழை பெய்தாலும் இதே கேள்விதான். நான் முதலில் அவருக்குத் தறிச் சத்தம் பிடிக்கும் போல என்று நினைத்தேன். கல்லூரிக்குப் பக்கத்து ஸ்டாப்பில், ரோட்டை ஒட்டி ஒரு பேண்டேஜ் துணி நெய்கிற தறிக்கூடம் இருந்தது. அது அவருடைய அண்ணனுடையது என்று அம்மா சொல்லித்தான் எனக்குத் தெரியும். அண்ணனும் தம்பியும் சேர்ந்து நடத்தியதாம். ஒருநாள் ஏதோ பேச்சு முற்றி, வேலையாட்கள் எல்லோரும் பார்த்துக்கொண்டிருக்க, "நீ இல்லேன்னாலும் தறி ஓடும்லே," என்று அண்ணன் சொல்லிவிட்டார். தம்பி கையைத் துடைத்துக்கொண்டு வெளியே வந்துவிட்டார். அண்ணன் கூப்பிடுவார் என்று அந்த ஊர் பஸ் ஸ்டாண்டு பக்கத்தில் ஒரு அறையெடுத்துக் கொஞ்ச நாள் இருந்திருக்கிறார். கூப்பிடவில்லை. அப்புறம்தான் ஸ்ரீவில்லிபுத்தூர். நடுவில் பதினோரு கிலோமீட்டர். பத்து நிமிஷத்துக்கு ஒரு பஸ்.

இது தெரிந்த பிறகு "ஓடுது அண்ணாச்சி" என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. தறி நின்றுவிட்டது என்று பொய் சொல்லலாமா என்றுகூட யோசித்தேன். சொன்னால் பதறிப்போய்ப் பஸ் ஏறிவிடுவாரோ? அல்லது சந்தோஷப்பட்டுவிடுவாரோ என்றும் பயமாக இருந்தது.

தறிக்கூடத்து வாசலில் சாயங்காலம் ஒரு கனத்த ஆள் நிற்பார். ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து பஸ் வரும்போதெல்லாம் நிமிர்ந்து பார்ப்பார். வாசலில் நிற்கிறவர்கள் பஸ்ஸைப் பார்க்கத்தான் செய்வார்கள், அதை வைத்து ஒன்றும் முடிவுகட்ட முடியாது என்று என் பாடப்புத்தகமே சொல்லும்.

மூன்றாம் வருஷம் ஒரு புதுத் தமிழ்ச் சேனல் வந்தது. இடமில்லை. எதையாவது எடுத்தால்தான் இதைப் போட முடியும். அண்ணாச்சி தன் முறைப்படி ஒவ்வொரு சேனலாக உருவிப் பார்த்தார். ஒரு இந்திச் சேனலை உருவியபோது ஒரு போனும் வரவில்லை, ஒரு கதவும் திறக்கவில்லை. மறுநாளும் உருவினார். அதற்கு மறுநாளும். சத்தமே இல்லை. "யாருக்கும் வேண்டாம்," என்று அதைத் தூக்கிவிட்டுப் புதுச் சேனலைப் போட்டார். தெருவே அவரைப் பாராட்டியது.

சில வாரம் கழித்து ஒரு மத்தியானம், எங்கள் மாடிப்படிக்குக் கீழே ஒரு பெண் நின்றுகொண்டிருந்தார். முந்தானையைத் தலையில் போட்டிருந்தார். மாற்றலாகி வந்த பேங்க் ஆபீசரின் மனைவி. மேலே டிஷ்ஷைக் காட்டினார், தன் கண்ணைக் காட்டினார், கையை விரித்தார். அண்ணாச்சி, "என்ன வேணும், படம் வரலியா?" என்று தமிழிலேயே மூன்று தடவை சத்தம் கூட்டிக் கேட்டார். நான் டியூஷனில் படித்த அரைகுறை இந்தியை வைத்து விசாரித்தேன். அந்த அம்மாவுக்கு முகமே மாறிவிட்டது. கொட்டித் தீர்த்துவிட்டார். பாதிதான் எனக்குப் புரிந்தது. கணவர் பேங்குக்குப் போனால் இருட்டித்தான் வருவார். பகலெல்லாம் வீட்டில் ஒரே ஆள். அந்தச் சேனலில் தன் பாஷை கேட்கும். அது போனதிலிருந்து பகலில் யார் பேசுவதும் புரியவில்லை.

"அப்ப ஏன் கூப்பிடலன்னு கேளு," என்றார் அண்ணாச்சி.

கேட்டேன். கூப்பிட்டு என்ன பாஷையில் சொல்வது என்றார் அந்த அம்மா.

அண்ணாச்சி அப்படியே படியில் உட்கார்ந்துவிட்டார். அன்று சாயங்காலமே இந்திச் சேனல் வந்துவிட்டது. அதற்காக அவருக்கு மிகவும் பிடித்த பழைய பாட்டுச் சேனலைத் தூக்கினார். அதுவும் போதாதென்று, அந்தப் பக்கம் போகும்போதெல்லாம் அந்த வீட்டு ஜன்னலுக்கு வெளியே நின்று உள்ளே இந்தி கேட்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் வருவார்.

நான் சும்மா இருந்திருக்கலாம். சும்மா இருக்க எனக்கு எப்போதும் வராது. அன்றே மாடிக்குப் போய், "பாத்தியளா அண்ணாச்சி, கூப்பிடலைன்னா வேண்டாம்னு அர்த்தமில்ல," என்றேன்.

"ம்."

"எப்படிக் கூப்பிடணும்னு தெரியாமக்கூட இருப்பாங்க."

"ம்."

"உங்க அண்ணனும் ஒருவேளை..."

கையை நீட்டி ஒரு பெட்டியின் சத்தத்தைக் கூட்டினார். பிறகு அடுத்த பெட்டி. அதற்கடுத்தது. செய்தி, சண்டை, விளம்பரம், அழுகை, எல்லாம் ஒரே நேரத்தில் அலறின. நான் வாயை அசைத்துக்கொண்டிருந்தேன். அவருக்கு நானும் ஒரு பெட்டி ஆகிவிட்டேன்.

அந்த வருஷம்தான் எங்கள் பேராசிரியர் ஒரு பெல்லோஷிப் அறிவிப்பைக் கொண்டுவந்து ஒட்டினார். மாணவர்களுக்கு இரண்டு வருஷ ஆராய்ச்சி உதவித்தொகை, புனேயில். சந்தாவில் நடக்கும் தொழில்கள் வாடிக்கையாளரை எப்படி அறிகின்றன, அறிந்ததை வைத்து என்ன செய்கின்றன என்று எழுதி அனுப்பினேன். நேர்முகத்தில் மூன்று பேர் இருந்தார்கள். நான் வயரை உருவுகிற கதையைச் சொன்னதும் ஒருவர் விழுந்து விழுந்து சிரித்தார். நடுவிலிருந்த அம்மையார் மட்டும் சிரிக்காமல், "இந்த முறையில் என்ன தப்பு?" என்று கேட்டார்.

நான் படிக்குக் கீழே நின்ற அந்த அம்மாவைப் பற்றிச் சொன்னேன். கத்தத் தெரிந்தவர்களின் ஆசைதான் இதில் பதிவாகிறது, கூப்பிடாத வீட்டை நாம் வேண்டாத வீட்டோடு சேர்த்துவிடுகிறோம் என்றேன். அப்போது என் மனதில் நின்றது அந்த இந்திக்கார அம்மா இல்லை, தறிக்கூடத்து வாசலில் நின்ற ஆள். பெல்லோஷிப் கிடைத்துவிட்டது.

செய்தி வந்த அன்று தெருவே வந்து வாழ்த்தியது. அண்ணாச்சி தன் லோக்கல் சேனலில் என் போட்டோவைப் போட்டு, படத்துக்கு நடுவில் மூன்று தடவை ஓட்டினார். நேரில் "புனேக்குப் பஸ்ஸு உண்டா?" என்று மட்டும் கேட்டார்.

நான் கிளம்பிய அன்று அவர் கீழே இறங்கவில்லை. அப்பா பெட்டியைத் தூக்கிக்கொண்டு முன்னால் போக, நான் பஸ் ஸ்டாண்டில் எல்லாப் பக்கமும் தேடினேன். மதுரை பஸ் நகரும்வரை தேடினேன். அவர் தன்னையே உருவி எடுத்துப் பார்த்துக்கொண்டிருக்கிறார் என்று எனக்குத் தெரியும். நான் தேடினேன் என்று அவருக்குத் தெரிய வழியில்லை. அந்த வயர்தான் ஒரே பக்கமாகப் போகிறதே.

இங்கே வந்து ஆறேழு மாதம் ஆகிறது. ஞாயிற்றுக்கிழமை அம்மாவுக்குப் போன் செய்வேன். முதலில் எல்லாம், "அண்ணாச்சி நல்லாத்தான் இருக்காவ," என்பாள். பிறகு, "என்னமோ அடிக்கடி கேபிள் நின்னு நின்னு போகுது," என்றாள். போன மாதம் அவள் குரலே சரியில்லை. "தினமும் நிறுத்துதாவட்டி. ஒரு தடவ இல்ல, நாலஞ்சு தடவ. நாடகம் பாக்க விடல, செய்தி பாக்க விடல. தெருவே திட்டுது. வடக்கே ஒரு பையன் புதுசா டிஷ் வச்சிருக்கான். மருந்துக்கடைக்காரரு வயர மாத்திட்டாரு. டெய்லரும் மாத்தப் போறாராம். இப்படியே போனா எவன் இருப்பான்? நான் போய்ச் சொன்னேன். கேக்கவே இல்ல. போனு அடிக்கிறதப் பாத்துக்கிட்டே உக்காந்திருக்காவ."

அவருக்கு இப்போது எது ஓடுகிறது என்று தெரிய வேண்டியதில்லை. போன் அடிக்க வேண்டும், அவ்வளவுதான். அது அடிக்க அடிக்க வீடுகள் குறைகின்றன.

நான் ஹாஸ்டலுக்கு எதிரே இருக்கிற எஸ்டிடி பூத்துக்குப் போய் அவர் நம்பரைச் சுற்றினேன். சாயங்காலம் ஆறு மணி இருக்கும். அவர் உடனே எடுக்கவில்லை. கேட்டுக்கொண்டிருப்பார். எந்த வீடு என்று தலையைச் சாய்த்துக் கண்டுபிடித்துக்கொண்டிருப்பார். வெகுநேரம் கழித்து எடுத்தார்.

"படம் வரலை," என்றேன்.

"எந்த வீடு?"

"கீழ் வீடு."

பின்னால் பெட்டிகளின் முணுமுணுப்பு மட்டும் கேட்டது.

"கீழ் வீட்டுல நல்லாத்தான வருது. உங்கம்மா பாத்துக்கிட்டுத்தான இருக்காவ."

"எனக்கு வரலை அண்ணாச்சி."

"இரு, செத்த நேரம் இரு. பாக்கேன்," என்றார், எல்லோரிடமும் சொல்கிற அதே குரலில். ஆனால் போனை வைக்கவில்லை. நானும் வைக்கவில்லை. பூத்துக்காரர் கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்து என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். கடைசியில் அண்ணாச்சி, "அங்க தறிச் சத்தம் கேக்குமா ஏட்டி?" என்றார்.

"இல்ல அண்ணாச்சி. இங்க தறியே கிடையாது."

"கிடையாதா?" என்றார். "அப்பக் கஷ்டந்தான்."

பொங்கலுக்கு ஊருக்குப் போகிறேன். ஆராய்ச்சியின் அடுத்த கட்டம் வீடு வீடாகப் போய் வாய்விட்டுக் கேட்பது. உருவிப் பார்க்காமல், நேரே கதவைத் தட்டி, உங்களுக்கு என்ன வேண்டும் என்று கேட்பது. அதற்கு நாற்பது கேள்விகள் தயாராக இருக்கின்றன. என் வழிகாட்டி பாதியை வெட்டச் சொல்லியிருக்கிறார்.

முதல் வீட்டுக்கு ஒரு கேள்விதான். அந்த வீடு எந்தக் கேபிளுக்கும் சந்தாக் கட்டுகிற வீடா என்பதே எனக்குத் தெரியாது. மதுரையிலிருந்து வருகிற பஸ் ஸ்ரீவில்லிபுத்தூரில் நிற்கும்போது நான் இறங்கப் போவதில்லை. அம்மா திட்டுவாள், திட்டட்டும். ராஜபாளையத்துக்கு டிக்கெட் எடுத்துக்கொண்டு, அந்தத் தறிக்கூடத்து ஸ்டாப்பில் இறங்கி, வாசலில் நிற்கிற ஆளிடம் நேராகப் போவேன். அவர் அண்ணன்தானா என்றுகூட எனக்கு நிச்சயமில்லை. தறிச் சத்தத்தில் கேட்காமல் போய்விடக் கூடாது. சத்தமாகத்தான் கேட்க வேண்டும்:

"சாயங்காலம் பஸ் வரும்போது யாரைப் பாக்கிறீங்க?"